கிண்டக் கூடாத பாகு

எங்கள் வீட்டுக்காரரின் வாய்க்கு இரண்டு வேலை. ஒன்று வெற்றிலை மெல்லுவது, மற்றது கதைப்பது. இரண்டையும் ஒரே நேரத்தில் செய்வதில் அவரை அடிக்க உருத்திரபுரத்தில் ஆள் இல்லை. வாய்க்கால் தண்ணீர் யாருக்கு எத்தனை மணிக்கு என்று கமக்காரர் கூட்டத்தில் சண்டை மூண்டால் இவரைத்தான் கூப்பிடுவார்கள். இவர் போய், மடியிலிருந்து வெற்றிலைச் சரையை எடுத்து, காம்பு கிள்ளி, சுண்ணாம்பு தடவி, பாக்கும் புகையிலையும் வைத்து மடித்துக் கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டு பேசத் தொடங்குவார். அவர் துப்புவதற்கு எழும்புவதற்குள் சண்டைக்காரர்கள் களைத்துப்போவார்கள். அதைத்தான் ஊர் சமாதானம் என்று சொல்லும். இருபத்தெட்டு வருடம் அந்தச் சமாதானத்தோடு குடும்பம் நடத்தியவள் நான்.

சென்ற வருடம் சிறுபோகம் விதைத்து முடித்த கையோடு இவருக்குக் கடைவாய்ப் பல்லில் குத்துத் தொடங்கியது. உப்புத் தண்ணீர் கொப்பளித்தார், கராம்பு கடித்தார். ஊருக்கெல்லாம் புத்தி சொல்கிற மனிதர் ஆஸ்பத்திரிக்குப் பயந்து நாலு நாள் கன்னத்தைப் பொத்திக்கொண்டு திரிந்தார். ஐந்தாம் நாள் நானே மோட்டார் சைக்கிளின் பின்னால் ஏறி இருந்துகொண்டு, "ஓடுங்கோ கிளிநொச்சிக்கு" என்றேன்.

பல் டொக்டர் எங்கள் மகளின் வயதுப் பிள்ளை. பல்லைப் பார்க்கத் தொடங்கியவள் கன்னத்தைப் பார்த்தாள். சின்னக் கண்ணாடியை உள்ளே விட்டுப் பார்த்தாள், பிறகு விரலால் தடவிப் பார்த்தாள். கையுறையைக் கழற்றிவிட்டு எங்கள் இரண்டு பேரையும் இருக்கச் சொன்னாள்.

"அங்கிள், வலப்பக்கக் கன்னத்துக்குள்ளை ஒரு வெள்ளைப் படை இருக்கு. இப்ப பயப்பிடத் தேவையில்லை. ஆனா வெத்திலை, பாக்கு, புகையிலை எல்லாம் இண்டையோடை நிப்பாட்டோணும். மூண்டு மாசத்தாலை வாங்கோ. குறையேல்லையெண்டா அதிலை ஒரு துண்டு வெட்டிச் சோதினைக்கு அனுப்போணும்."

"நாளைக்கு ஒண்டு போடலாமோ பிள்ளை?" என்று இவர் கேட்டார். கடைக்காரரிடம் விலை குறைக்கக் கேட்கிற அதே குரல்.

"ஒண்டும் இல்லை அங்கிள். ஒரு வாய் போட்டால் பிறகு அது நாலு வாயாகும். உங்களுக்கே தெரியும்."

வீடு வந்து சேர்ந்தோம். படலையடியில் மோட்டார் சைக்கிளை நிற்பாட்டிவிட்டு, பக்கத்து வளவைப் பார்த்தபடி, "தங்கச்சிக்குச் சொல்லாதையும்" என்றார்.

பக்கத்து வளவு இவருடைய தங்கையுடையது. எனக்கு மச்சாள். அவளும் நானும் ஒரே வயது. புருசனை இழந்து பதினைந்து வருடமாக ஒற்றை மகளோடு இருக்கிறாள். அந்த மகளுக்கு ஒட்டுசுட்டான் பக்கத்தில் ஒரு நல்ல இடத்தில் கலியாணப் பேச்சுக்கால் நடந்துகொண்டிருந்தது. தகப்பன் இடத்தில் நின்று பேசுகிறவர் இவர்தான். அண்ணனுக்கு ஒன்று என்று தெரிந்தால் மச்சாள் கலியாணப் பேச்சை அப்படியே போட்டுவிட்டுக் கோயில் கோயிலாக உருளத் தொடங்குவாள். இதை யோசித்துத்தான் இவர் சொன்னார். நானும் ஓம் என்றேன். அந்த ஓமுக்குப் பிறகு நான் பட்ட பாட்டைத்தான் எழுதுகிறேன்.

சொன்னால் நம்ப மாட்டீர்கள், இவர் அன்றைக்கே நிற்பாட்டிவிட்டார். சரையைச் சுருட்டி என் கையில் தந்துவிட்டுப் போய்க் கதிரையில் இருந்தார். தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும் என்பார்கள். இந்த மனிதர் அதை ஒரு பின்னேரத்தில் விட்டதைப் பார்க்க எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது. ஆனால் வெற்றிலையோடு கதையும் நின்றுபோனது. கன்னத்துக்குள் ஒன்றும் இல்லாமல் இவருக்குச் சொல் வரவில்லை. வாயைத் திறப்பார், நாக்கு கன்னத்தைத் துழாவும், அங்கே ஒன்றும் இல்லை என்று தெரிந்ததும் மூடிவிடுவார். வாய்க்கால் கூட்டத்துக்குப் போய்ச் சும்மா இருந்துவிட்டு வந்தார். அந்தக் கிழமை தண்ணீர் இரண்டு நாளாக ஒரே ஆளின் வயலில் நின்றது.

பிள்ளைகள் இரண்டு பேரும் கொழும்பில் வேலை. வீட்டில் நானும் இவரும்தான். கொஞ்சம் வாயை மூடிக்கொண்டு இருக்கமாட்டாரா என்று நான் பிள்ளையாரிடம் எத்தனை தரம் கேட்டிருப்பேன். பிள்ளையார் ஒருபடியாகக் காது கொடுத்தார். மூன்றாம் நாளே அந்த வரத்தைத் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும் போல இருந்தது. சோறு போடுகிறேன், சாப்பிடுகிறார். தேத்தண்ணி கொடுக்கிறேன், குடிக்கிறார். எனக்கு யோசினை எல்லாம் அந்த வெள்ளையில். அவருக்கும் அதுதான். கதைத்தால்தானே அது மறக்கும்.

கடையில் இனிப்பு வாங்கிக் கொடுத்துப் பார்த்தேன். கடகடவென்று கடித்து, கால் மணித்தியாலத்தில் ஐந்தை முடித்துவிட்டு, "உது பால் குடிக்கிற பிள்ளையளுக்குக் குடுக்கிற சாமான்" என்றார். இவருக்கு வேண்டியது கன்னத்தில் நெடுநேரம் கிடக்க வேண்டும், சுள்ளென்று உறைக்க வேண்டும், கடிக்க முடியாததாக இருக்க வேண்டும். இந்த மூன்றும் உள்ள சாமான் நான்தான் என்று இவர் முன்பு பகிடி விடுவார். இப்போது அதற்கும் வாய் இல்லை. சரி, நானே செய்கிறேன் என்று வெளிக்கிட்டேன்.

போனில் ஒரு வீடியோ கிடைத்தது. எந்த நாட்டுப் பெண்ணோ தெரியாது, ஒரு தூசி இல்லாத குசினியில் நின்று சீனியும் தண்ணீரும் வைத்துப் பாகு காய்ச்சினாள். காய்ச்சல் பார்ப்பதுபோல ஒரு கருவியைப் பாகுக்குள் விட்டுச் சூட்டைப் பார்த்தாள். மனிசருக்குக் காய்ச்சல் பார்க்கவே என்னிடம் கருவி இல்லை. ஆனால் ஒரு கோப்பை குளிர்ந்த தண்ணீரில் ஒரு சொட்டு விட்டுப் பார்த்தாலும் போதும் என்றும் காட்டினாள். சொட்டு உருண்டையாகக் கையில் நசிந்தால் போதாது. எடுத்து முறித்தால் டக்கென்று உடைய வேண்டும். அது எனக்கு விளங்கியது.

தாச்சியைக் கழுவி அடுப்பில் வைத்தேன். சீனி, தண்ணீர், ஒரு எலுமிச்சையிலிருந்து இரண்டு சொட்டுத் தேசிப்புளி. சீனி கரைந்தது, பாகு கொதித்தது, குமிழி பெரிதாகிப் பிறகு சின்னதாகி, மெல்ல மஞ்சள் ஏறியது. சொட்டு விட்டுப் பார்த்தால் முறிகிற பருவத்துக்குக் கிட்ட வந்துவிட்டது. கராம்பை இடித்து எடுத்துக்கொண்டு வர விறாந்தைக்குப் போனேன். திரும்பி வந்தால் மச்சாள் அடுப்படியில் நிற்கிறாள், கையில் அகப்பை.

"என்ன மச்சாள் இது, அடுப்பிலை வைச்சிட்டுக் கிண்டாமல் போட்டியள்? நல்ல வேளை நான் வந்தனான்."

இதில் அவளைக் குற்றம் சொல்ல ஏலாது. எங்கள் ஆட்களுக்கு இனிப்பு என்றால் தொதல். அரிசிமாவையும் தேங்காய்ப்பாலையும் பனங்கட்டியையும் தாச்சியில் போட்டு, கை ஓயும்வரை கிண்ட வேண்டும். ஒரு நிமிடம் விட்டாலும் அடிப்பிடிக்கும். அதனால் தொதல் கிண்டுகிற வீட்டுக்கு யார் வந்தாலும், ஒரு சுற்று அகப்பையைப் பிடித்துக் கிண்டிவிட்டுத்தான் இருப்பார்கள். கிண்டாமல் போனால் தொதல் இறுகாது என்று ஒரு நம்பிக்கையும் உண்டு. மச்சாளின் தொதல் ஊரில் பெயர் போனது. அவளுடைய வலக் கை ஒரு தாச்சியைக் கண்டால் தானாகச் சுழலும்.

ஆனால் சீனிப்பாகு அந்தச் சாதி இல்லை. சீனி கரைந்த பிறகு அதைத் தொடக் கூடாது. கொதிக்கிற பாகைக் கிண்டினால் அது கோபித்துக்கொண்டு திரும்பவும் சீனியாகிவிடும். நான் பார்த்துக்கொண்டு நிற்க, கண்ணாடியாக இருந்த பாகு கலங்கி, வெளுத்து, கடைசியில் தாச்சி நிறையக் குருமணல். வெண்ணெய் திரளும்போது தாழி உடைந்த கதைதான்.

"என்னப்பா, நீங்கள் கள்ளச் சீனி வாங்கிப்போட்டியள் போலை" என்று மச்சாள் அகப்பையை நக்கிப் பார்த்தாள். "சித்திரை வருசமும் போட்டுது. இப்ப என்னத்துக்கு இனிப்பு?"

எனக்குக் கோபம் உச்சந்தலைக்கு ஏறியது. ஆனால் என்னவென்று சொல்ல? பொய் ஒன்றுதான் கைக்கு வந்தது. "உங்கட மகளின்ரை கலியாணத்துக்குத்தான். இப்பவே செய்து பழகிறன்" என்றேன்.

அதைவிடப் பெரிய பிழை நான் செய்திருக்க முடியாது. தன் மகளின் கலியாணத்துக்கு நான் தனியாகக் கிடந்து பாடுபடுகிறேன் என்றால், மச்சாள் சும்மா இருப்பாளா? அன்றிலிருந்து என் அடுப்பில் புகை கிளம்பினால் போதும், வேலியில் இருக்கிற பொட்டுக்குள்ளால் புகுந்து வந்துவிடுவாள். வருகிறபோதே சேலைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டுதான் வருவாள். "நீங்கள் இருங்கோ மச்சாள், உங்களுக்குத் தோள் நோகும்" என்று சொல்லி, நான் தடுப்பதற்குள் இரண்டாம் பாகையும் மணலாக்கினாள்.

மூன்றாவது பாகை அவள் கெடுக்கவில்லை. அவள் கோயிலுக்குப் போயிருந்தாள். பாகு நன்றாக வந்தது. நானும் சந்தோசமாகப் பார்த்துக்கொண்டு நின்றேன். ஒரு சமயம் கீழே குனிந்து பார்த்தால் என் கையில் அகப்பை இருக்கிறது, அது சுற்றிக்கொண்டும் இருக்கிறது. எப்போது எடுத்தேன் என்று எனக்கே தெரியாது. அகப்பையை வீட்டுக்குப் பின்னால் கோடிப்பக்கம் வீசி எறிந்துவிட்டு, யாரை ஏசுவது என்று தெரியாமல் கதிரையில் இருந்த மனிதரை ஏசினேன். அவர் பாவம், ஒரு கரண்டி மணல் சீனியை வாங்கித் தேத்தண்ணியில் போட்டுக் குடித்தார்.

நாலாம் தரம் குசினிக் கதவைக் கொழுவி போட்டுப் பூட்டினேன். வீட்டிலிருந்த அகப்பை எல்லாவற்றையும் அலுமாரிக்குள் வைத்தேன். சீனி கரைந்ததும் இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றேன். சும்மா நிற்பது இவ்வளவு கடினமான வேலை என்று எனக்கு அதுவரை தெரியாது. பாதி கொதியில் கதவு தட்டும் சத்தம்.

"மச்சாள், ஏன் கதவு பூட்டிக் கிடக்கு?"

"குளிக்கிறன்" என்றேன்.

"குசினிக்குள்ளையோ?" என்று கேட்டாள். அவள் இவரிடம் போய், "அண்ணை, மச்சாளை ஒருக்கா ஆரிட்டையும் காட்டுங்கோ" என்று சொன்னது எனக்குக் கேட்டது.

அன்றைக்குப் பாகு முறிந்தது. கோப்பைத் தண்ணீரில் விட்ட சொட்டு, கையில் எடுத்ததும் டக்கென்று உடைந்தது. உடனே இறக்கி, கராம்புத் தூளைப் போட்டுத் தாச்சியை மட்டும் ஒருதரம் சுழற்றி, தேங்காய் எண்ணெய் பூசிய தட்டத்தில் தேக்கரண்டியால் சொட்டுச் சொட்டாக விட்டேன். வெளியில் சோளகக் காற்று வீசத் தொடங்கியிருந்தது. அந்தக் காற்றுக்கு நெல்லும் காயும், இனிப்பும் காயும். அரை மணித்தியாலத்தில் தட்டத்தில் தேன் நிறத்தில் வட்ட வட்டமாக இறுகிக் கிடந்தன. ஒன்றை எடுத்துத் தட்டத்தில் தட்டினேன், கல் மாதிரிச் சத்தம் கேட்டது.

இவர் வாயில் போட்டுப் பார்த்தார். "ம்" என்றார். "காணாது" என்றார். கடை இனிப்பை ஏசியதற்குப் பிறகு அவர் சொன்ன பெரிய பேச்சு அதுதான். அடுத்த தரம் இஞ்சிச் சாறு விட்டேன். சாற்றில் இருந்த ஈரத்தால் இனிப்பு ஒன்றோடு ஒன்று ஒட்டி ஒரே கட்டியாகிவிட்டது. கற்பூரவள்ளி போட்டது இருமல் மருந்தாக வந்தது. பிறகு வேர்க்கொம்பை, அதுதான் சுக்கை, இடித்து அரித்து, கராம்பும் ஒரு சிட்டிகை மிளகுத் தூளும் சேர்த்துச் செய்தேன். அதை வாயில் போட்டதும் இவருடைய கண் விரிந்தது. இடக் கன்னத்தில் ஒதுக்கினார். வலக் கன்னத்துக்கு லீவு என்று நான் முன்பே சட்டம் போட்டிருந்தேன்.

"சுள்ளெண்டு ஏறுதப்பா" என்றார். பிறகு, "உமக்குத் தெரியுமோ, அந்தக் காலத்திலை இரணைமடுக் குளம் நிரம்பி வான் பாயேக்கை..." என்று தொடங்கினார். நான் ஆயிரம் தரம் கேட்ட கதை. அன்றைக்கு இடையில் மூன்று கிளைக்கதையும் சேர்ந்து முக்கால் மணித்தியாலம் ஓடியது. சொல்ல எனக்கு வெட்கமில்லை, நான் அடுப்படியில் இருந்து அழுதேன். அவர் அதையும் கதையில் வந்த சோகத்துக்கு என்று நினைத்து இன்னும் கொஞ்சம் நீட்டினார்.

அதற்குப் பிறகு இரண்டு நாளைக்கு ஒருதரம் பாகு காய்ச்சினேன். போத்தலில் போட்டு, ஒட்டாமல் இருக்கச் சீனியை அரைத்துத் தூவி வைப்பேன். இவர் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு வாய்க்காலுக்குப் போவார். சண்டைக்காரர்களுக்கும் ஆளுக்கொன்று கொடுப்பார். கல் மாதிரி இனிப்பைக் கன்னத்தில் வைத்துக்கொண்டு சண்டை பிடிக்க ஏலாது என்பதால் கூட்டம் முன்பைவிட வேகமாக முடியும்.

காலையில் இவர் கிணற்றடியில் பல் தீட்டியதும் வாயைத் திறக்கச் சொல்லிப் போன் வெளிச்சத்தில் பார்ப்பேன். ஒரு நாள் அந்த வெள்ளை சுருங்கினது போல இருக்கும், அடுத்த நாள் பெருத்தது போல இருக்கும். வேலிக்கு அந்தப் பக்கம் மச்சாளின் தலை தெரிந்தால் போனை அணைத்துவிடுவேன். "என்ன, அண்ணையின்ரை வாயை விடியக் காலமை படம் எடுக்கிறியள்?" என்று கேட்பாள். நான் சிரித்துச் சமாளிப்பேன். இவர் இல்லாத வீட்டை ஒருமுறை நினைத்துப் பார்த்தேன். பிறகு அந்தப் பக்கமே நினைப்பைப் போக விடவில்லை.

ஆடி பிறக்க முதல் கலியாண நிச்சயத்துக்கு வெற்றிலை மாற்றிவிட வேண்டும் என்று ஒட்டுசுட்டான்காரர் நாள் பார்த்து அனுப்பினார்கள். எங்கள் இரண்டு பகுதியிலும் தட்டம் மாற்றுவது மட்டும் போதாது. மாப்பிள்ளை வீட்டுப் பெரியவர் வெற்றிலை மடித்துக் கொடுப்பார், பெண்ணின் தாய்மாமன் அதை வாங்கி அந்த இடத்திலேயே மெல்ல வேண்டும். அதுதான் வாக்கு. வாங்கி மெல்லாவிட்டால் சம்மதம் இல்லை என்று அர்த்தம்.

"ஒரு நாள்தானேயப்பா. மெண்டிட்டுத் துப்பிறன்" என்றார் இவர்.

"நீங்கள் துப்பமாட்டியள். எனக்குத் தெரியும்" என்றேன். அவருக்கும் தெரியும்.

கடைசியில் ஒரு திட்டம் போட்டேன். பாக்கும் புகையிலையும் வைக்காமல், வெறும் வெற்றிலைக்குள் என் இனிப்பு ஒன்றை வைத்து நானே மடித்துத் தட்டத்தின் ஓரத்தில் வைப்பது, பெரியவரின் கைக்கு அதையே எட்ட விடுவது. வெற்றிலைத் தட்டத்தில் மீதி இனிப்பையும் நிறப் பேப்பரில் சுற்றி அடுக்கினேன். நல்ல திட்டம் என்றுதான் அப்போது நினைத்தேன்.

வந்தவர்களில் மாப்பிள்ளையின் பெரியப்பாதான் தலைவர். வான் வண்டியில் இருந்து இறங்கும்போதே, "பொழுதுபட முதல் வெளிக்கிடோணும். றோட்டிலை யானை நிக்கும்" என்று சொல்லிக்கொண்டு இறங்கினார். தட்டத்தில் இருந்த இனிப்பு ஒன்றை எடுத்து வாயில் போட்டு, நல்ல காரம் என்று மெச்சினார். பிறகு, "இனிப்பு வாய்க்கு. வாக்குக்கு வெத்திலைதானே" என்று, நான் மடித்து வைத்ததைத் தள்ளிவிட்டு, ஒரு பெரிய வெற்றிலையாகத் தேடி எடுத்தார். பாக்கை அள்ளி வைத்தார். மரியாதைக்கு ஒரு துண்டு புகையிலையும் கூட வைத்தார். மடித்து இரண்டு கையாலும் நீட்டினார்.

இவர் வாங்கினார். வாங்கிவிட்டு என்னைப் பார்த்தார். முகத்தில் பயம் பாதி, ஆசை பாதி. இருபத்தெட்டு வருடமாகப் பார்க்கிற முகம், அந்த ஆசை எனக்குத் தெரியாதா? கை வாய்க்குக் கிட்டப் போனது.

"போடாதேங்கோ!" என்று கத்திவிட்டேன்.

நல்ல காரியத்தின் நடுவில் ஒரு பெண் அப்படிக் கத்தினால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள். பெரியப்பாவின் முகம் கறுத்தது. "ஏன் பிள்ளை, எங்கட கையாலை வாங்கக் கூடாதோ?" என்று மெதுவாகக் கேட்டார்.

"ஐயோ, அப்பிடியில்லை. இவருக்கு வாய்க்குள்ளை ஒரு வெள்ளை வந்திருக்கு. புற்றுநோயாய்ப் போடும் எண்டு பயப்பிடுகினம். இனி ஒரு வாய் போட்டாலும் அது ஆளைக் கொண்டுபோடுமாம்."

டொக்டர் அப்படிச் சொல்லவில்லை. பயத்தில் நான்தான் கூட்டிச் சொன்னேன். இவர் தலையைக் குனிந்துகொண்டார். வெற்றிலை கையிலேயே இருந்தது. அதை யாரும் திருப்பி வாங்கவும் இல்லை. ஒட்டுசுட்டான் பெண்கள் தங்களுக்குள் ஏதோ முணுமுணுத்தார்கள். அந்தப் பிள்ளையின் கலியாணத்தை என் வாயால் கெடுத்துவிட்டேன் என்றுதான் நினைத்தேன்.

மச்சாள் அதுவரைக்கும் குசினி வாசலில் நின்றாள். புருசன் இல்லாதவள் என்று நல்ல காரியத் தட்டத்துக்குக் கிட்ட வரமாட்டாள். எனக்கு அந்த வழக்கம் பிடிக்காது. பிடிக்காது என்று சொன்னால் அவளே என்னை ஏசுவாள். அப்படிப்பட்டவள் நேராகச் சபைக்கு நடுவில் நடந்து வந்தாள். என்னைப் பார்க்கவில்லை. அண்ணனின் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு அவருடைய கையிலிருந்த வெற்றிலையை எடுத்துத் தன் வாயில் போட்டாள்.

"அண்ணையும் நானும் ஒரு வயித்துப் பிள்ளையள். ஆர் போட்டாலென்ன? என்ரை பிள்ளைக்கு நான் வாக்குத் தாறன்" என்றாள்.

வாழ்நாளில் வெற்றிலை போட்டவள் இல்லை. மெல்லத் தெரியாது, துப்பத் தெரியாது, சாற்றை எல்லாம் விழுங்கினாள். கண்ணால் தண்ணீர் ஓடியது. ஆனாலும் கடைசிவரை நின்று மென்றாள். பெரியப்பா கதிரையை விட்டு எழும்பிவிட்டார். "தாயே வாக்குத் தந்தாப் பிறகு எங்களுக்கென்ன குறை" என்று தானும் ஒன்றை மடித்து வாயில் போட்டார். தட்டம் மாறியது.

வான் போன பிறகு மச்சாள் கோடிப்பக்கம் போய் வயிறு காலியாகும்வரை சத்தி எடுத்தாள். நான் போய்த் தலையைப் பிடித்தேன். "என்னட்டைச் சொல்லேல்லை, என்ன?" என்று மட்டும் கேட்டாள். நான் தண்ணீர் எடுத்து அவளுடைய வாயைக் கழுவிவிட்டேன்.

அதற்குப் பிறகு அவள் வேலிப் பொட்டால் வருவது நின்றது. நான் போனாலும் ஒரு வார்த்தை, இரண்டு வார்த்தை. தன் கோப்பையையும் குவளையையும் தனியாகக் கழுவிக் கவிழ்த்து வைத்தாள். என் கையால் பட்டதை வேண்டாம் என்கிறாள், கோபம் ஆறவில்லை என்று நினைத்தேன். வளவு உறுதிப் பத்திரத்தை எடுத்து மகளிடம் காட்டி, எது எங்கே இருக்கிறது என்று சொல்லிக் கொடுத்தாளாம். கலியாண அவசரம் என்று நினைத்தேன். ஆளும் மெலிந்துபோனாள்.

மூன்று மாதம் முடிந்து கிளினிக்குக்குப் போகிற நாள், நாங்கள் பஸ்ஸுக்கு நிற்க, மச்சாளும் வெளிக்கிட்டு வந்து நின்றாள். யாரும் கூப்பிடவில்லை. இவருக்குப் பக்கத்துச் சீற்றில் ஏறி இருந்தாள். வழி நெடுக இவர் கதைத்துக்கொண்டு வந்தார், அவள் அவருடைய கையைப் பிடித்துக்கொண்டு வந்தாள்.

டொக்டர் பிள்ளை இவருடைய வாயை நெடுநேரம் பார்த்தாள். கொண்டுபோயிருந்த இனிப்புப் போத்தலை நான் மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டு இருந்தேன். "நல்லாக் குறைஞ்சிருக்கு அங்கிள். இப்ப வெட்டிப் பாக்கத் தேவையில்லை. இப்பிடியே விட்டிருங்கோ, மூண்டு மாசத்தாலை திரும்பப் பாப்பம்" என்றாள். நான் இனிப்புப் போத்தலை எடுத்து அப்படியே அவளுடைய மேசையில் வைத்தேன். இவர் எழும்பினார்.

இவர் எழும்பிய கதிரையில் மச்சாள் ஏறி இருந்தாள். இருந்து வாயை ஆவென்று திறந்தாள்.

"என்ன அன்ரி, பல்லு நோகுதோ?"

"இல்லைப் பிள்ளை. நானும் ஒரு நாள் போட்டனான். ஒரு வாய்தான். எனக்கு எவ்வளவுக்கு வந்திட்டுது எண்டு பாருங்கோ."

அந்தப் பிள்ளைக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "ஒருக்காப் போட்டதுக்கு ஒண்டும் வராது அன்ரி. ஆர் உங்களுக்கு அப்பிடிச் சொன்னது?"

மச்சாள் யாரையும் காட்டவில்லை. ஆனால் சொன்னது நான்தான். ஒரு வாய் போட்டால் ஆளைக் கொண்டுபோகும் என்று நான் கத்தியதைக் கேட்டுவிட்டு, அதை அப்படியே நம்பிக்கொண்டு, அவள் அந்த வெற்றிலையை அண்ணனின் கையிலிருந்து எடுத்துப் போட்டிருக்கிறாள். இவ்வளவு நாளும் ஒருவரிடமும் சொல்லாமல் இருந்திருக்கிறாள். நான் அவளுடைய தோளைப் பிடித்தேன். அவள் என் கையைத் தட்டிவிடவில்லை. டொக்டரின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அப்ப பிள்ளையின்ரை தாலிகட்டுக்கு நான் இருப்பன், என்ன டொக்டர்?"